பதிஞானமும் ஒரு சுறா மீனும்

யுத்தம் முடிந்த மறு வருஷம், பங்குனி மாதத்தில் நான் தூத்துக்குடிக்குப் போனது பேசுவதற்காக. சாப்பிடுவதற்காக என்று என் மனைவி இன்னமும் சொல்லிக்கொண்டு திரிகிறாள். அதை நம்ப வேண்டாம். அங்கே ஒரு சைவ சபையின் ஆண்டு விழாவுக்கு என்னை அழைத்திருந்தார்கள். நான் கொழும்பில் ஒரு கல்லூரியில் தமிழும் தருக்கமும் படிப்பிக்கிறவன். பிறந்த ஊர் யாழ்ப்பாணம். பேச்சுக்குத் தலைப்பு நானே கொடுத்தது: ‘ஐம்பொறிக்கு எட்டாத அறிவு’.

கண்ணும் காதும் காட்டாத, புத்தியைப் போட்டு உடைத்தாலும் பிடிபடாத ஓர் அறிவு உண்டு, மற்ற அறிவெல்லாம் அதற்குப் பிறகுதான் என்று அறுபது பக்கத்தில் எழுதியிருந்தேன். இரண்டு வருஷ உழைப்பு. புறப்படுவதற்கு முதல் நாள் மனைவிக்கு வாசித்துக் காட்டினேன். முழுவதும் கேட்டுவிட்டு, “உங்களுக்கு அந்த அறிவு இருக்குதோ?” என்று கேட்டாள். பருப்பு அடிப்பிடிக்கிற வாசம் வருகிறது, போய்ப் பார் என்றேன்.

முதல் நாளே கடலோடு எனக்குத் தகராறு. கப்பல் தூத்துக்குடிக்கு வருவதில்லை. ஊர் கண்ணுக்குத் தெரிகிற தூரத்தில் நங்கூரம் போட்டுவிட்டு, இனி உன் பாடு என்று நின்றுவிடுகிறது. கரையோரம் ஆழம் போதாதாம். அங்கிருந்து நீராவிப் படகில் இறக்கிக் கொண்டுபோகிறார்கள். கொழும்பிலும் படகில் போய்த்தான் கப்பல் ஏறினேன், ஆனால் அங்கே அலைதடுப்புக்குள் கடல் கோயில் குளம் மாதிரிக் கிடக்கும். இங்கே படகு ஏறுகிறது, இறங்குகிறது, பிறகு யோசித்துப் பார்த்துவிட்டு மறுபடியும் ஏறுகிறது.

எங்கள் சாத்திரத்தில் இறைவனுக்கும் உயிருக்கும் உயிரை மூடும் அழுக்கான மலத்துக்கும் கடலையும் நீரையும் உப்பையும் உவமை சொல்வார்கள். அதை இருபது வருஷம் படிப்பித்திருக்கிறேன். அன்றைக்குத்தான் மூன்றும் ஒரே மடக்கில் என் வாய்க்குள் போயின. போன வேகத்தில் காலையில் தின்ற இட்டிலியையும் கூட்டிக்கொண்டு வெளியே வந்தன. படகில் மூட்டை தூக்கிக்கொண்டிருந்த ஒரு பருத்த மனிதர் என் சட்டையைப் பின்னாலிருந்து இறுகப் பிடித்துக்கொண்டார். அவர் கழுத்தில் கறுப்புக் கயிற்றில் ஒரு சின்னக் குருசு ஆடியது.

“நல்லாக் குனிஞ்சு எடுங்கய்யா. பிடிச்சிருக்கேன், விழமாட்டிய” என்றார். அவர் பெயர் கஸ்பார். உண்மையில் அவர் சங்கு குளிக்கிற தோணிக்குத் தண்டல், அதாவது தோணியை நடத்துகிற தலைவர். தோணி கரையில் கிடக்கிறதால் இங்கே மூட்டை தூக்க வந்ததாகச் சொன்னார். தோணி ஏன் கரையில் கிடக்கிறது என்று நான் கேட்கவில்லை. கேட்கிற நிலையில் நான் இல்லை.

கரையில் சுங்கச் சாவடி. அதிகாரி என் பெட்டியைத் திறந்து, வேட்டிகளுக்கு அடியிலிருந்து அறுபது பக்கத்தையும் வெளியே எடுத்தார். மனசுக்குள் வாசிக்கத் தெரியாத மனிதர் போலும். தலைப்பைப் பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி உரக்க வாசித்தார்.

“ஐம்பொறிக்கு எட்டாத அறிவு. அப்படின்னா?”

எனக்குப் பின்னால் நாற்பது பேர் நிற்கிறார்கள். இருந்தாலும் வாத்தியாரிடம் ‘அப்படின்னா’ என்று கேட்டால் அவன் சும்மா இருப்பானா? “கண்ணால் பார்க்காமல், காதால் கேளாமல் ஒன்றை அறிவது” என்றேன்.

“அந்த அறிவு இதுக்குள்ள இருக்கா?”

“இருக்கிறது.”

“அதுக்குத் தீர்வை கிடையாது. போங்க.”

என் பெட்டியைத் தோளில் வைத்துக்கொண்டு நின்ற கஸ்பார் இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருந்தார். வெளியே வந்ததும், “கண்ணால பாக்காததும் அய்யாவுக்குத் தெரியுமோ?” என்றார். அதைப் பற்றித்தான் பேச வந்திருக்கிறேன் என்றேன். “கடலுக்கு அடியில கெடக்கதும்?” என்றார். நான் லேஞ்சியால் வாயைத் துடைத்துக்கொண்டு, “கடலென்ன, அண்டமே தெரியும்” என்றேன். அவர் தலைப்பாகையை அவிழ்த்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டார். வாய்க்கொழுப்பு சீலையில் வடியும் என்று பெரியவர்கள் சும்மா சொல்லவில்லை.

ஜட்கா வண்டிக் குதிரை ஒவ்வொரு காப்பிக்கடை வாசலிலும் தானாக நின்றது. பழைய சொந்தக்காரர் காப்பிப் பிரியராம். மூன்று காப்பிக்குப் பிறகு தங்கவேல் அண்ணாச்சி வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தேன். அண்ணாச்சி கருப்பட்டி மொத்த வியாபாரி, சபைக்குச் செயலாளர், எனக்கு இந்த ஊரில் சோறு போடுகிறவர். நல்ல உயரம், பேசும்போது எதிராளியின் கையைப் பிடித்துக்கொள்வார், விடமாட்டார்.

“வாங்க வாத்தியாரய்யா. ஏளா, இலையப் போடு! அய்யா கப்பல்ல வந்த களைப்புல இருக்காக!”

அவர் மனைவி செல்லத்தாய் அம்மாள், “சொதி வச்சிருக்கேன்” என்றார். எனக்கு முகம் விழுந்துவிட்டது. சொதி என்றால் எங்கள் ஊரில் தேங்காய்ப்பாலில் மஞ்சளும் பச்சை மிளகாயும் போட்டு, இடியப்பத்துக்கு ஊற்றுகிற தண்ணீர். கடல் கடந்து வந்து அதையா குடிப்பது? இலையில் விழுந்ததோ வேறு வஸ்து. முருங்கைக்காய், கேரட், பாசிப்பருப்பு, எலுமிச்சம்பழம், பக்கத்தில் இஞ்சிப் பச்சடி. கெட்டியாக, வாசமாக, சோற்றின் மேல் அப்படியே நின்றது. மூன்று தரம் வாங்கினேன். எங்கள் ஊரார் இதன் பெயரை மட்டும் கப்பலேற்றிக் கொண்டுபோய்விட்டு, பொருளை இங்கேயே விட்டுவிட்டார்கள் என்பது என் முடிவு.

இரண்டாம் நாள் காலையில் ஊர் பார்க்கக் கிளம்பினேன். உப்பு அம்பாரம் அம்பாரமாகக் கிடக்கிறது. வெயிலில் அதைப் பார்த்தால் கண் கூசுகிறது. கிணற்றுத் தண்ணீர், காற்று, உதடு எல்லாம் உப்பு. ஒரு ரொட்டிக்கடையில் மக்ரூன் என்று வெள்ளையாக, சுருள் சுருளாக ஒன்று வைத்திருந்தார்கள். வாயில் வைத்தால் கரைந்து காணாமல் போகிறது. போனதைத் தேடுவதற்காக இன்னொன்று தின்ன வேண்டியிருக்கிறது. இப்படி ஒன்பது ஆன பிறகு, பத்தாவதை வாயில் போட்டுக்கொண்டே இதில் என்ன சேர்க்கிறீர்கள் என்று கேட்டேன்.

“முந்திரிப்பருப்பு, சீனி, முட்டை வெள்ளைக்கரு” என்றார் கடைக்காரர்.

நான் சுத்த சைவம். தெரியாமல் செய்தது பாவமில்லை என்று ஒரு கட்சி உண்டு. தெரிந்தாலும் தெரியாவிட்டாலும் நெருப்பு சுடும் என்று இன்னொரு கட்சி. முதல் ஒன்பதும் முதல் கட்சியில் சேர்ந்துவிடும். பத்தாவது பாதி கரைந்த நிலையில் இருந்தது. துப்புவதற்கு இடம் தேடுவதற்குள் அதுவும் போய்விட்டது.

அன்று மாலை அண்ணாச்சி கடைக்குப் போயிருந்த நேரத்தில், கஸ்பார் ஒரு ஆணையும் பெண்ணையும் கூட்டிக்கொண்டு என்னைத் தேடி வந்தார். ஆண் சந்தியாகு, சங்குக்கு முங்குகிறவர்களில் முதல் ஆள். முப்பது வயது இருக்கும்; மெலிந்த உடம்பு, அகன்ற நெஞ்சு, உப்பில் ஊறிச் சிவந்த கண். பெண் அவர் மனைவி ரொசாலி. அவள் உட்காரவில்லை. முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு தூணருகில் நின்றாள்.

கஸ்பார்தான் விஷயத்தைச் சொன்னார். முத்துக் குளிப்பு நின்று வருஷக்கணக்காகிறது, சிப்பி இல்லை. இப்போது சங்குதான் பிழைப்பு. கடலில் இறங்குகிறவர்களுக்குத் தலைமுறை தலைமுறையாக ஒரு வழக்கம்: கடல்கட்டி என்று ஒருவர் இருப்பார். சுறாவின் வாயை மந்திரத்தால் கட்டுவது அவர் வேலை. இறங்குகிற முதல் நாள் தோணியிலேயே கூட வருவார். மற்ற நாள்களில் கரையில் உட்கார்ந்திருப்பார். கடைசித் தோணி திரும்புகிறவரை பச்சைத் தண்ணீர் பல்லில் படக்கூடாது. முங்குகிறவர்களும் வேதக்காரர்கள், அதாவது கிறிஸ்தவர்கள்; கடல்கட்டியும் வேதக்காரர்தான். மாதா கோயில் சாமியாருக்கு இந்தச் சங்கதி பிடிக்காது. அதனால் இவர்கள் அவரிடம் சொல்வதுமில்லை, நிறுத்துவதுமில்லை.

அந்தக் கடல்கட்டி மாசியில் காலமாகிவிட்டார். மறு வாரமே ஒரு சுறா சந்தியாகுவின் தம்பியுடைய கெண்டைக்காலைப் பிடித்துவிட்டது. அன்றிலிருந்து பன்னிரண்டு நாளாகத் தோணிகள் மணலில் கிடக்கின்றன. ஒருவரும் இறங்கமாட்டேன் என்கிறார்கள். பருவம் முடிய இன்னும் மூன்று வாரம்தான் இருக்கிறது.

“எல்லாரும் சும்மா இருக்கட்டும். நான் நாளான்னைக்கு இறங்கப் போறேன்” என்றார் சந்தியாகு. “வீட்டுல மூணு பிள்ளைய. தம்பி வீட்டுல ரெண்டு. கஞ்சிக்கு என்ன செய்ய?”

“ஏலே, கிறுக்கா!” என்று கஸ்பார் அவர் மேல் பாய்ந்தார். பிறகு என் பக்கம் திரும்பினார். “அய்யா, முப்பது பேரு சேந்து இறங்குனா தண்ணி கலங்கும், சத்தம் இருக்கும், அது கிட்ட வராது. ஒத்த ஆளு இறங்குனா அதுக்குப் பந்தி வச்ச மாதிரி. கடல்கட்டி ஒருத்தர் ஏறினாத்தான் முப்பது பேரும் ஏறுவான். நீங்க அக்கரையில இருந்து வந்திருக்கிய. கண்ணுக்குத் தெரியாததெல்லாம் தெரியும்னு உங்க வாயாலயே சொன்னிய.”

தலைப்பைப் பாராட்டி எனக்குக் கடிதங்கள் வந்திருக்கின்றன. அதை நம்பி ஒருவரும் வந்ததில்லை. சமாளிப்பதற்காகப் பாடம் நடத்த ஆரம்பித்தேன். பொறிகளாலும் நூல்களாலும் வருவது பாசஞானம். உயிர் தன்னைத் தானே அறிந்து, எல்லாம் நானே என்று நிமிர்வது பசுஞானம். இரண்டும் உதவாது என்று ஓய்ந்த பிறகு, அருளாலே கிடைப்பது பதிஞானம். உயிர்களிலும் வகுப்பு உண்டு, மூன்று மலமும் உள்ளவை சகலர் என்றேன்.

கஸ்பார் மரியாதையாகக் கேட்டுக்கொண்டிருந்தார். “இதுல சுறா எந்த வகுப்புய்யா?”

“சகலர்.”

“நாங்க?”

“நானும் நீங்களும் எல்லாரும் சகலர்தான்.”

“ஒரே வகுப்பா! அப்ப சொன்னாக் கேக்குமில்ல?”

அதற்குள் ரொசாலி முதல் தடவையாக வாய் திறந்தாள்.

“அய்யா, நான் ஒண்ணுதான் கேக்கேன். அந்த அறிவு உங்ககிட்ட இருக்கா, இல்லியா? இருந்தா தோணியில ஏறுங்க. இல்லன்னா இல்லன்னு சொல்லிருங்க. இவுகளை நான் காலைக் கட்டியாவது வீட்டுல போட்டுக்கிடுதேன்.”

என் மனைவி கேட்ட அதே கேள்வி. இவளிடம் பருப்பு அடிப்பிடிக்கிறது என்று சொல்ல முடியாது. அவள் வீட்டு அடுப்பில் பருப்பு இல்லை. இல்லை என்று ஒரு சொல் சொல்லியிருக்கலாம். ஆனால் ஊர் முழுக்க என் பெயரும் தலைப்பும் போட்ட நோட்டீஸ் ஒட்டியிருக்கிறது. இருக்கிறது என்றும் சொல்ல நாக்கு எழவில்லை. யோசித்துச் சொல்கிறேன் என்றேன். என் மேல் எனக்கே வெட்கமாக இருந்தது.

மூன்றாம் நாள் காலை, எதற்கும் அந்த மந்திரத்தையாவது தெரிந்துகொள்ளலாம் என்று, இறந்துபோன கடல்கட்டியின் மகனைத் தேடிப் போனேன். அவர் பஞ்சாலையில் வேலை செய்கிறவர். ஆலைச் சங்கு ஊதி ஆள்கள் வெளியே வரும்போது, வாசலில் பிடித்துக்கொண்டேன். தலையெல்லாம் பஞ்சு. என்னை மேலும் கீழும் பார்த்தார்.

“மந்திரமா? எனக்கு என்னத்தத் தெரியும்! எங்கப்பா உதடு ஆடும், சத்தம் வராது. ரெண்டு தடவ கேட்டேன், ‘உனக்கு எதுக்குலே’ன்னுட்டாரு. எனக்குத் தெரிஞ்சது ஒண்ணுதான். தோணி திரும்புறவரை சாப்பிடமாட்டாரு. எங்கம்மா தினமும் சண்டை போடுவா. காய்ச்சல்ல கெடக்கும்போதும் சாப்பிடல.”

“அவருக்கு உண்மையாகவே தெரியுமா?”

“அதை அவருகிட்டல்லா கேக்கணும்” என்று சொல்லிவிட்டு அவர் சைக்கிளில் ஏறிப் போய்விட்டார்.

மத்தியானம் செல்லத்தாய் அம்மாள் கூட்டாஞ்சோறு வைத்தார். நான் இரண்டாவது தரம் வாங்கவில்லை என்றதும் அண்ணாச்சி வைத்தியரைக் கூப்பிடட்டுமா என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். காய்ச்சல் என்று படுத்துவிடலாமா என்றும் ஒரு யோசனை வந்தது. அப்போது சந்தியாகு தனியாக இறங்குவார். அந்த நினைப்பு வந்ததும் எனக்குப் பயமாக இருந்தது, உண்மையான பயம். வெயில் தாழ்ந்ததும் கடற்கரைக்குப் போய், மணலில் கவிழ்ந்து கிடந்த தோணிகளுக்கு நடுவில் கஸ்பாரைக் கண்டுபிடித்தேன்.

“நாளைக்கு நான் வாறன்” என்றேன்.

ரொசாலியும் அங்கே இருந்தாள். “அப்ப தெரியுமா?” என்றாள்.

“நாளைக்குச் சொல்லுறன்.”

அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். “சரி. காலையில ஒண்ணும் சாப்பிட்டிரக் கூடாது” என்றாள்.

நான்காம் நாள்தான் என் சொற்பொழிவு. மாலை ஐந்து மணிக்கு. அண்ணாச்சியிடம் கடல்காற்று வாங்கப் போகிறேன் என்று சொல்லிவிட்டு விடியற்காலையில் புறப்பட்டேன். அது பொய்யில்லை. அன்றைக்கு நான் வாங்கிய காற்று ஆயுளுக்கும் போதும்.

போய்ப் பார்த்தால் கடற்கரையில் ஆறு தோணியும் தண்ணீரில் நிற்கிறது. முப்பது பேரும் வந்துவிட்டார்கள். ‘கொழும்புக் கடல்கட்டி’ வருகிறார் என்று கஸ்பார் எப்படித்தான் சொல்லி வைத்தாரோ. நான் திருநீறு பூசியிருந்தேன். அவர்கள் குருசு போட்டுக்கொண்டார்கள். என்னைத் தூக்கி முதல் தோணியில் வைத்தார்கள்.

கரை மறைவதற்கு முன்பே என் வயிறு புரட்ட ஆரம்பித்தது. வெறும் வயிறு, கொடுப்பதற்கு ஒன்றுமில்லை, இருந்தாலும் கடல் கேட்டுக்கொண்டே இருந்தது. நான் ஒரு பக்கம் குனிந்து ஓங்கரித்தேன். பிறகு மறு பக்கம். நிமிர்ந்து பார்த்தால் ஆறு தோணியிலும் ஆள்கள் தலைத்துண்டை எடுத்துவிட்டுக் கைகட்டி நிற்கிறார்கள்.

“பழையவரு இளநியும் பாலும் ஊத்துவாரு” என்று ஒருவர் பக்கத்தில் இருந்தவரிடம் மெல்லச் சொன்னார். “இவுகளுக்கு இது வழக்கம் போல.”

நாலு திசைக்கும் செய்யவேண்டுமா என்று கஸ்பார் பணிவாகக் கேட்டார். நான் ஏற்கெனவே மூன்றாவது திசையில் இருந்தேன்.

தோணிகளை வட்டமாக நிறுத்தினார்கள். கயிற்றில் கட்டிய பாரக்கல்லின் மேல் காலை வைத்து, மூக்கைப் பிடித்துக்கொண்டு, ஆள்கள் தொப்புத் தொப்பென்று இறங்கினார்கள். மேலே ஒவ்வொருவருக்கும் ஒரு ஆள் கயிறு பிடித்து நின்றார். எழுபது எண்ணுவதற்குள் தலை தெரிந்துவிடும் என்று கஸ்பார் சொல்லிவைத்தார். நான் சந்தியாகுவை மட்டும் எண்ணினேன். முதல் முறை அறுபத்திரண்டு. அடுத்தது அறுபத்தைந்து. இடுப்பு வலையில் மூன்று சங்கு, நான்கு சங்கு என்று வந்தது. எண்ண ஆரம்பித்த பிறகு எனக்குக் குமட்டல்கூட நின்றுவிட்டது. பக்கத்தில் எல்லாரும் பாட்டும் சிரிப்புமாக இருந்தார்கள்.

ஏழாவதோ எட்டாவதோ தரம். எழுபது ஆயிற்று. எழுபத்தைந்து. கயிறு பிடித்தவர் பாட்டை நிறுத்தினார். எண்பது. கஸ்பார் எழுந்து நின்றார். அவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். எல்லாருமே என்னைத்தான் பார்த்தார்கள். தண்ணீருக்கு அடியில் என்ன நடக்கிறது என்று தெரிந்த ஒரே ஆள் நான் அல்லவா!

எனக்கு ஒன்றும் தெரியவில்லை. அறுபது பக்கத்தில் ஒரு வரிகூட நினைவுக்கு வரவில்லை. ஐந்தெழுத்தும் வரவில்லை. தண்ணீர் பச்சையாக, மூடிய கதவு மாதிரி இருந்தது. தொண்ணூறு என்று எண்ணினேன். ரொசாலி தூணருகில் நின்றது கண் முன்னால் வந்தது. அப்போது என் வாயிலிருந்து, தோணி முழுக்கக் கேட்கும்படி, ஒரு கத்தல் வந்தது.

“மாதாவே! அவனைத் தந்துவிடு!”

மூன்று தலைமுறையாகச் சிவதீட்சை வாங்கிய குடும்பம் என்னுடையது. தோணியிலிருந்த எல்லாரும் சேர்ந்து மாதாவே என்றார்கள். கயிறு ஆடியது. இழுத்தார்கள். சந்தியாகுவின் தலை தெரிந்தது. மூக்கில் இரத்தம் வந்தது. தோணியில் கிடந்து வெகுநேரம் மூச்சு வாங்கினார்.

“என்னலே ஆச்சு? சுறாவா?” என்று கஸ்பார் உலுக்கினார்.

“என்னமோ ஒண்ணு தலைக்கு மேல போச்சு. சுறாவோ, திருக்கையோ. கலங்கல்ல தெரியல. போறவரைக்கும் கல்லோட ஒட்டிக் கெடந்தேன்.” பிறகு என்னைப் பார்த்துச் சிரித்தார். “கட்டிட்டியளே அய்யா.”

நான் லேஞ்சியை எடுத்து முகத்தை மூடிக்கொண்டேன். கடல்தண்ணீர் கண்ணில் பட்டுவிட்டது என்று நினைத்திருப்பார்கள்.

தோணிகள் கரைக்கு வந்தபோது மணி மூன்றுக்கு மேல். ஆறும் வந்து சேரும்வரை நான் தண்ணீர் குடிக்கவில்லை. ஒருவரும் கட்டாயப்படுத்தவில்லை, எனக்கே மனம் வரவில்லை. பிறகு குளித்து, சோற்றை அள்ளிப் போட்டுக்கொண்டு, கால் நிலத்தில் நிற்காமல் ஆட, சபைக்கு ஓடினேன். தங்கவேல் அண்ணாச்சிதான் தலைமை. முன் வரிசைகளில் வியாபாரிகளும் ஆற்றங்கரை ஊர்களிலிருந்து வந்த பண்ணையார்களும் இருந்தார்கள். பேச்சு தொடங்கியபின், பின்னால் கதவோரம் கஸ்பாரும் சந்தியாகுவும் முங்குகிற ஆள்கள் பத்துப் பேரும் வந்து நின்றார்கள். ரொசாலியும் இருந்தாள்.

‘ஐம்பொறிக்கு எட்டாத அறிவு உண்டென்பதை ஐயமற நிறுவுவதே இவ்வுரையின் நோக்கம்’ என்பது என் முதல் வரி. ‘ஐயமற’ என்ற சொல்லை விழுங்கிவிட்டு வாசித்தேன். போகப் போக விழுங்கவேண்டிய இடங்கள் அதிகமாயின. அறுபது பக்கம் நாற்பத்தைந்து நிமிஷத்தில் முடிந்துவிட்டது. கைதட்டல் பலமாகத்தான் இருந்தது. யாருக்காவது சந்தேகம் உண்டா என்று அண்ணாச்சி கேட்டார். வழக்கமாக இது சும்மா கேட்கிற கேள்வி.

கதவோரம் கஸ்பார் கையைத் தூக்கினார். “நாளைக்கு எத்தன மணிக்கு வாரிய, அய்யா?”

சபை முழுதும் திரும்பிப் பார்த்தது. “எங்க வர?” என்றார் அண்ணாச்சி.

“தோணிக்கரைக்கு. சுறா வாயைக் கட்ட. இன்னைக்குக் கட்டுனாகள்லா!”

அண்ணாச்சியின் முகம் கருப்பட்டி நிறத்துக்குப் போனது. முன் வரிசையில் ஒரு பண்ணையார் செருப்பைத் தேடினார். இருபது வருஷமாகச் சேர்த்த என் மானம் மரியாதையெல்லாம் அந்த மேடையில் என் கண் முன்னாலேயே ஆடியது. அண்ணாச்சி என் கையைப் பிடித்துக்கொண்டு, எல்லாருக்கும் கேட்கும்படியே கேட்டார்.

“வாத்தியாரய்யா, உங்களுக்குச் சுறா வாயைக் கட்டத் தெரியுமா?”

ரொசாலி என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“தெரியாது” என்றேன். என் குரல் எனக்கே பெரிதாகக் கேட்டது. “நான் எழுதின அந்த அறிவும் என்னட்டை இல்லை. இருக்கு எண்டு படிச்சிருக்கிறன். அவ்வளவுதான்.”

“பின்ன எதுக்குப் போனிய?”

“நான் போகாட்டில் அந்த மனுசன் தனிய இறங்குவார்.”

கதவோரம் நின்றவர்களுக்கும் கேட்டிருக்கும். கொழும்புக் கடல்கட்டிக்கு ஒன்றும் தெரியாது என்று இனி முப்பது பேருக்கும் தெரிந்துவிடும்; நாளைக்கு ஒருவரும் ஏறமாட்டார்கள். உண்மையைச் சொல்லி ஒருவனைச் சாகக் கொடுத்துவிட்டேனோ? கஸ்பார் தலையைச் சொறிந்தார்.

“அது சரிய்யா. எத்தன மணிக்குன்னு சொல்லல்லியே?”

“ஐஞ்சு மணிக்கு வாறன்” என்றேன்.

அண்ணாச்சி என் கையை விடவே இல்லை. இன்னொரு கையால் சட்டைப்பையிலிருந்து நன்றியுரையை எடுத்தார். முதல் நாளே எழுதி வைத்தது, மாற்ற நேரமில்லை. “ஐம்பொறிக்கு எட்டாத அறிவை ஐயமற நிறுவிய ஐயா அவர்களுக்கு” என்று அப்படியே வாசித்தார். சபையில் சிரிக்காமல் இருந்தது அவர் ஒருவர்தான்.

வெளியே வாசலில் ரொசாலி நின்றாள். “இல்லன்னு சொல்லிட்டியளே” என்றாள்.

“ஓம், அம்மா.”

“பழையவரு ஒரு நாளும் சொன்னதில்ல” என்றாள். என்னைக் கோபித்தாளா, பாராட்டினாளா என்று தெரியவில்லை. “நாளைக்கும் சாப்பிட்டிரக் கூடாது, பாத்துக்கிடுங்க.”

மறுநாள் நான் போக வேண்டிய கப்பல் நானில்லாமல் போயிற்று. விடிந்ததும் ஆறு தோணியும் இறங்கின, முப்பது பேரும் ஏறினார்கள். நான் கரையில் உட்கார்ந்தேன். அதற்கு அடுத்த நாளும் அப்படியே. என் உதடு ஆடிக்கொண்டிருக்கும். என்ன சொன்னேன் என்று கேட்டால், ஐந்தெழுத்தும் மாதாவும் எண்ணிக்கையும் கலந்த ஒரு குழம்பு. சத்தமாகச் சொல்லத் தக்கதல்ல. அண்ணாச்சி நாலு நாள் என்னுடன் சரியாகப் பேசவில்லை. ஐந்தாம் நாள், கடைசித் தோணி கரை தட்டியதும், செல்லத்தாய் அம்மாள் கொடுத்ததாகச் சொல்லி அவரே ஒரு தூக்குச்சட்டியைக் கொண்டுவந்து என் முன்னால் வைத்தார். சொதி. ஆறு தோணியும் வந்தாச்சா என்று எண்ணிப் பார்த்துவிட்டுத்தான் மூடியைத் திறந்தார்.

அந்த மூன்று வாரமும் ஒருவரையும் சுறா தொடவில்லை. காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்தது என்று என் தருக்கம் சொல்கிறது. பனங்காட்டு ஊரில் உட்கார்ந்துகொண்டு அதை மறுக்க முடியாது. இருந்தாலும் ஒரு நாளாவது வாயில் தண்ணீர் விட்டுப் பார்க்க எனக்குத் துணிவு வரவில்லை.

பருவம் முடிவதற்கு முன்பே, விடுமுறை கழிந்து கல்லூரி திறந்த ஐந்தாம் நாள், அதிபரிடமிருந்து அண்ணாச்சி வீட்டு விலாசத்துக்குத் தந்தி வந்தது. கடற்கரைக்கே கொண்டுவந்து கொடுத்தார்கள். ‘எப்போது திரும்புவீர்?’ மணி பன்னிரண்டு இருக்கும். வெயில், பசி, தாகம். கடலில் நாலு தோணிதான் தெரிந்தது. தந்தியின் பின்பக்கத்திலேயே பதிலை எழுதிக் கொடுத்தேன்.

‘தோணிகள் திரும்பியதும்.’